வீடு கையைவிட்டுப் போகும் முன்: நம் குடும்பங்கள் செய்யும் தவறுகள்

சிங்கப்பூரில் யாரும் ஒரே நாளில் வீட்டை இழப்பதில்லை. முதலில் தவணை சில மாதம் தவறும். அப்புறம் வீட்டை விற்பார்கள், சொந்தக்காரர் வீட்டு வரவேற்பறையில் படுப்பார்கள், பிறகு எங்காவது ஒரு வாடகை அறை. அதற்கும் வழியில்லாதபோதுதான் புளோக்கின், அதாவது அடுக்குமாடிக் கட்டடத்தின், திறந்த கீழ்த்தளம். இந்த ஒவ்வொரு கட்டத்திலும் போய்க் கேட்க ஓர் இடம் இருக்கிறது. ஆனால் நம்மில் பலர் கையெழுத்துப் போட்டுவிட்டுத்தான் கேட்கிறார்கள். நாடாளுமன்ற உறுப்பினரின் மக்கள் சந்திப்பு நிகழ்ச்சியில் தொண்டூழியராக மனு எழுதிக் கொடுக்கும்போது எனக்கு ஆற்றாமையாக இருப்பது இதுதான். ஆறு மாதம் முன்னால் வந்திருந்தால் எழுதியிருக்கக்கூடிய மனு வேறு.

விற்றால் எல்லாம் சரியாகிவிடும் என்ற கணக்கு

கடன் கழுத்தை நெரிக்கும்போது வீட்டை விற்றுவிடலாம் என்று தோன்றுவது இயல்பு. ஆனால் விற்ற பணம் அப்படியே கைக்கு வராது. முதலில் வீட்டுக்கடன் கழியும். அடுத்து, வீட்டுக்காக மத்திய சேம நிதியிலிருந்து, அதாவது உங்கள் கட்டாய ஓய்வுக்காலச் சேமிப்பிலிருந்து, எடுத்த தொகையை அதற்கான வட்டியோடு உங்கள் கணக்கில் திருப்பிச் செலுத்த வேண்டும். உதாரணத்துக்கு, 400,000 வெள்ளிக்கு (சிங்கப்பூர் டாலர்) விற்ற வீட்டில் கடன் 120,000 வெள்ளி, சேம நிதிக்குத் திரும்ப வேண்டியது 230,000 வெள்ளி என்றால் மிச்சம் 50,000. முகவர் கட்டணம், சட்டச் செலவு எல்லாம் அதிலிருந்துதான். சேம நிதியில் சேர்ந்த பணம் உங்களுடையதே. ஆனால் 55 வயதாகாதவர் அதை எடுத்துக் கடைக்காரர் கடனையோ சீட்டுப் பாக்கியையோ அடைக்க முடியாது.

அடுத்த அடி இன்னும் பெரியது. “விற்றுவிட்டு அரசாங்க வாடகை வீட்டுக்குப் போய்விடலாம்” என்று பலரும் சொல்கிறார்கள். வீடமைப்பு வளர்ச்சிக் கழகத்தின் (வீவக) ஓரறை, ஈரறை வாடகை வீடுகளுக்கு வருமானத்தைப் பொறுத்து மாதம் 26 வெள்ளியிலிருந்து 275 வெள்ளிவரைதான் வாடகை என்பது உண்மை. ஆனால் அவை வேறு வழியே இல்லாதவர்களுக்காக ஒதுக்கப்பட்டவை. வீட்டை விற்று 30 மாதம் ஆகாதவர்களுக்குப் பொதுவாக அவை கிடைப்பதில்லை. கையில் விற்ற பணம் இருக்கிறதா, பிள்ளைகள் வீட்டில் தங்க இடம் இருக்கிறதா என்றெல்லாம் பார்ப்பார்கள். விதிவிலக்கு உண்டு, ஆனால் அதை நம்பி வீட்டை விற்கக்கூடாது. அந்த 30 மாதமும் வெளிச்சந்தை வாடகை கட்டியே மிச்சப் பணம் கரைந்துவிடும். வாடகைக்கு உச்சவரம்பு வைத்த பழைய வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் 2001லேயே நீக்கப்பட்டுவிட்டது. இன்று வீட்டுக்காரர் கேட்பதுதான் விலை.

அதனால் விற்பனை முகவரைக் கூப்பிடும் முன் கழகத்தின் கிளை அலுவலகத்துக்குப் போங்கள். கழகத்திடம் கடன் வாங்கியவர் என்றால் தவணையைக் கொஞ்ச காலம் தள்ளிவைக்க, கடன் காலத்தை நீட்டிக்க, வேலை பார்க்கும் மகனையோ மகளையோ இணை உரிமையாளராகச் சேர்க்க வழி உண்டா என்று கேளுங்கள். வங்கிக் கடன் என்றால் வங்கியிடம் அதே கேள்வி. கடிதங்களைப் பிரிக்காமல் மேசை இழுப்பறையில் போட்டு வைப்பவர்கள் நிறையப் பேர். பிரித்துப் பார்க்காத கடிதத்திலும் காலக்கெடு ஓடிக்கொண்டுதான் இருக்கும்.

நம் சமூகத்துக்கு இன்னொரு சிக்கலும் உண்டு. ஒவ்வோர் இனத்துக்கும் வரம்பு வைத்து 1989இல் வந்த இன ஒருங்கிணைப்புக் கொள்கையின்படி ஒரு புளோக்கில் சீனர்களுக்கான வரம்பு நிரம்பிவிட்டால் அங்குள்ள இந்தியர் தம் வீட்டைச் சீனருக்கு விற்க முடியாது. வாங்கக்கூடியவர்கள் குறைவதால் விலையும் இறங்கும், மாதங்களும் ஓடும். விற்பனையை நம்பி மற்ற கடன்களுக்கு வாக்குக் கொடுப்பதற்கு முன் உங்கள் புளோக்கின் நிலவரத்தைக் கழகத்தின் இணையத்தளத்தில் பார்த்துவிடுங்கள். இப்படிச் சிக்கிக்கொண்ட நீண்டகால உரிமையாளர்களிடமிருந்து வீட்டைக் கழகமே வாங்கிக்கொள்ளும் ஏற்பாடு ஒன்று 2022இல் அறிவிக்கப்பட்டது. இது தெரியாமல் கிடைத்த விலைக்குத் தள்ளிவிட்டவர்கள் இருக்கிறார்கள்.

இதற்கிடையில் உரிமமில்லாமல் வட்டிக்கு விடும் கடன்முதலைகளிடம் போகவே போகாதீர்கள். கதவில் சாயம் ஊற்றினால் அக்கம்பக்கமும் சேர்ந்து அல்லல்படும்.

பிள்ளைகளை நம்பி வீட்டைக் கொடுப்பது

இதைப் பற்றி எழுதும்போது மனம் கனக்கிறது. வயதான தம்பதி மூவறை வீட்டை விற்று, அந்தப் பணத்தை மகன் வாங்கும் பெரிய வீட்டில் போடுகிறார்கள். “எல்லாரும் ஒன்றாக இருக்கலாம் அம்மா” என்று மகன் சொல்லும்போது அவன் மனத்தில் கபடம் எதுவும் இருப்பதில்லை. பத்திரத்தில் மகன், மருமகள் பெயர் மட்டும் இருக்கும். சில ஆண்டில் மனக்கசப்பு, அல்லது மகனுக்கு மணமுறிவு. வீடு பிரிக்கப்படும்போது பெற்றோர் வெறும் குடியிருப்பாளர்கள். குடியிருப்பாளர் என்று பதிவாகியிருப்பதால் உரிமை எதுவும் வராது. போட்ட பணத்துக்கு எழுத்து இல்லையென்றால் நீதிமன்றத்தில் நிரூபிப்பது பெரும்பாடு. வாடகை வீட்டுக்கு விண்ணப்பித்தால் அங்கே விற்பனை, பிள்ளைகளின் வீடு என்ற அதே கேள்விகள்.

பணத்தேவைதான் காரணம் என்றால் வேறு வழிகள் உண்டு. 65 வயதானவர்கள் குத்தகைத் திரும்பப் பெறும் திட்டத்தில் வீட்டுக் குத்தகையில் எஞ்சியிருக்கும் ஆண்டுகளின் கடைசிப் பகுதியை மட்டும் கழகத்துக்கு விற்று, அதே வீட்டில் தொடர்ந்து இருக்கலாம். ஓர் அறையை வாடகைக்கு விடலாம். 55 வயதைத் தாண்டியவர்கள் குறுகிய குத்தகையில் சிறிய ஈரறை வீடு வாங்கலாம். பிள்ளையோடுதான் சேர்ந்து வாழப் போகிறோம் என்று முடிவெடுத்தால், பணம் கை மாறும் முன் தனியாக ஒரு வழக்கறிஞரைப் பாருங்கள். மகனுக்கு வேலை பார்க்கும் அதே வழக்கறிஞர் வேண்டாம். இது மகனைச் சந்தேகிப்பது ஆகாது. நாளை அவன் மணமுறிவிலோ கடனிலோ சிக்கினாலும் உங்கள் பங்கு தப்பிக்கும்.

ஏற்கெனவே வெளியேறிவிட்டவர்களுக்கு: 1995ஆம் ஆண்டின் பெற்றோர் பராமரிப்புச் சட்டப்படி, தம்மைத் தாமே பராமரிக்க முடியாத 60 வயதோ அதற்கு மேலோ ஆனவர் பிள்ளைகளிடம் பராமரிப்புக் கோரலாம். முதலில் சமரசப் பேச்சுதான் நடக்கும். “பிள்ளை மேல் வழக்குப் போடுவதா” என்று தயங்குகிறவர்களிடம் இதைச் சொன்னால் முகம் கொஞ்சம் தெளியும்.

எழுத்தில்லாத வாடகை

லிட்டில் இந்தியாவில் தேக்கா பக்கம் கடைச் சுவரில் ஒட்டிய எண்ணைப் பார்த்தோ, வாட்ஸ்அப்பில் வந்த தகவலைப் பார்த்தோ முன்பணத்தை அனுப்பிவிடுகிறார்கள். வீவக வீட்டை வாடகைக்கு விட உரிமையாளர் கழகத்திடம் அனுமதி பெற்றிருக்க வேண்டும். ஒவ்வொரு முறையும் குறைந்தது ஆறு மாதத்துக்காவது விட வேண்டும். உங்கள் பெயர் வாடகைதாரராகப் பதிவாகியிருக்கிறதா என்று கழகத்திடம் கேளுங்கள். அனுமதியில்லாத வீடு என்று சோதனையில் தெரிந்தால் நீங்களும்தான் பெட்டியைக் கட்ட வேண்டியிருக்கும். கட்டுமானம், கப்பல் பட்டறை, உற்பத்தித் துறைகளில் வேலை அனுமதிச்சீட்டோடு இந்தியாவிலிருந்து வந்த தம்பிகள் வீவக வீட்டை முழுதாக வாடகைக்கு எடுக்க அனுமதி இல்லை. “அண்ணன் பார்த்துக்கொள்வார்” என்ற பேச்சை நம்பி மூன்று மாத வாடகையை முன்கூட்டிக் கொடுத்துவிடாதீர்கள்.

முகவர் வந்தால், சொத்து முகவர்களை ஒழுங்குபடுத்தும் மன்றத்தின் பதிவேட்டில் அவர் பெயரும் எண்ணும் உண்டா என்று பாருங்கள். வீவக வீட்டு வாடகைப் பணத்தை முகவர் கையில் வாங்கவே கூடாது என்பது விதி. வாங்குகிறேன் என்று சொன்னாலே அங்கிருந்து கிளம்பிவிடலாம்.

ஒப்பந்தம் எழுதினால் மட்டும் போதாது, 14 நாளுக்குள் முத்திரைத் தீர்வை கட்ட வேண்டும். மாதம் 1,000 வெள்ளி வாடகையில் ஓராண்டு ஒப்பந்தத்துக்கு அது 48 வெள்ளிதான். கட்டாத ஒப்பந்தத்தை நீதிமன்றத்தில் ஆதாரமாகக் காட்ட முடியாது. இரண்டு ஆண்டுக்கு மேற்படாத குடியிருப்பு வாடகைத் தகராறு என்றால், முன்பணத்தைத் திரும்பக் கேட்டு வழக்கறிஞர் இல்லாமலே சிறு கோரிக்கைகள் நடுவர் மன்றத்துக்குப் போகலாம். வரம்பு 20,000 வெள்ளி, இரு தரப்பும் ஒப்புக்கொண்டால் 30,000. இரண்டு ஆண்டுக்குள் போக வேண்டும்.

வாடகை பாக்கி என்றால் பூட்டை மாற்றுவார்களோ என்ற பயம் எல்லாருக்கும் உண்டு. முழு வீட்டுக் குத்தகைதாரர் காலி செய்ய மறுத்தால், வீட்டுக்காரர் நீதிமன்ற உத்தரவு வாங்குவதே முறையான வழி. அறையில் மட்டும் இருப்பவருக்கு அந்த அளவு பாதுகாப்பு இல்லை. ஆனால் ஒப்பந்தம் முடிந்த பிறகும் பிடிவாதமாக இருந்தால், வீட்டுக்காரர் இரட்டை வாடகை கேட்கச் சட்டம் இடம் தருகிறது. ஆகவே இரண்டு மாதம் அவகாசம் கேட்டு ஒரு குறுஞ்செய்தியாவது எழுத்தில் அனுப்புங்கள், பதிலைப் பத்திரப்படுத்துங்கள்.

வெளியில் படுப்பதை மறைப்பது

2022 நவம்பரில் ஒரே இரவில் நாடு முழுவதும் எடுத்த கணக்கில் 530 பேர் வெளியில் படுத்திருந்தார்கள். லீ குவான் இயூ பொதுக் கொள்கைப் பள்ளி 2019இல் வெளியிட்ட ஆய்வு, வெளியில் படுப்பவர்களில் பெரும்பாலோர் வேலை பார்ப்பவர்கள் என்று காட்டியது. சோம்பேறிகள்தான் தெருவுக்கு வருவார்கள் என்ற பேச்சு பொய்.

இவர்களில் பலர் போலிசுக்குப் பயந்து இடம் மாறிக்கொண்டே இருக்கிறார்கள். 1989ஆம் ஆண்டின் ஆதரவற்றோர் சட்டம் வழியில்லாதவரை நல்வாழ்வு இல்லத்தில் சேர்க்க அதிகாரிகளுக்கு அதிகாரம் தருகிறது. அதன் வாசகம் கடுமையானது, எனக்கு அதில் உடன்பாடில்லை. ஆனால் தண்டனை வழக்கமாகப் பிச்சை எடுப்பவருக்கானது; படுக்க இடமில்லாததால் கீழ்த்தளத்தில் தூங்கியவருக்கு அல்ல. ஒளிந்துகொள்வதால், வெளியில் படுப்பவர்களுக்கு உதவும் அமைப்புகளின் கூட்டாக 2019இல் தொடங்கிய பியர்ஸ் கட்டமைப்பின் தொண்டர்கள் இரவில் தேடி வரும்போது கண்ணில் படாமலே போய்விடுகிறார்கள். சமய இடங்களிலும் அமைப்புகளிலும் இரவு தங்க இடம் ஏற்பாடு செய்து, பிறகு இடைக்காலத் தங்குமிடத்துக்கு அனுப்புவது அவர்கள்தான்.

அடிக்குப் பயந்து பிள்ளைகளோடு வெளியேறிய பெண்களுக்கு வேறு வழி. தனக்குப் பாதுகாப்பு ஆணையோடு, அடிப்பவரையே வீட்டிலிருந்து விலக்கி வைக்கும் ஆணையும் கேட்கலாம். வீடு கணவர் பெயரில் இருந்தாலும் கேட்கலாம். இரவோ பகலோ, வன்முறைக்கு எதிரான தேசிய உதவி எண் 1800-777-0000.

எங்கே தொடங்குவது என்று தெரியாவிட்டால் அரசாங்க உதவித் திட்டமான காம்கேரின் எண் 1800-222-0000, அல்லது பக்கத்துச் சமூகச் சேவை அலுவலகம், குடும்பச் சேவை நிலையம். போகும்போது கடைசி மூன்று மாதச் சம்பளச் சீட்டு, சேம நிதி அறிக்கை, மணமுறிவு ஆணை, மருத்துவக் கடிதம், கழகத்திலிருந்து வந்த எல்லாக் கடிதங்களும் வேண்டும். முழு உண்மையையும் சொல்லுங்கள். மறைத்த கடன் பிறகு தெரிந்தால் மொத்த மனுவும் சந்தேகத்துக்கு உள்ளாகும். மறுத்துவிட்டால் காரணம் என்ன என்று கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். வேலை போனது, உடல்நிலை மோசமானது, மகன் வீட்டை விட்டு அனுப்பியது என்று எது மாறினாலும் அதற்கான தாளோடு மறுபடி விண்ணப்பிக்கலாம்.