மாநில எல்லையைத் தாண்டும் கைத்துப்பாக்கி: அமெரிக்காவில் பர்மிட் வைத்திருப்போர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பிலடெல்பியாவையும் நியூ ஜெர்சியையும் பிரிப்பது டெலவேர் ஆறு. பாலத்தில் ஏறி இறங்கச் சில நிமிடங்கள் போதும். அக்கரையில் வேலை, இக்கரையில் வீடு என்று நாள்தோறும் போய்வருகிறவர்கள் ஏராளம். 2013 அக்டோபரில் பிலடெல்பியாவைச் சேர்ந்த, இரண்டு குழந்தைகளுக்குத் தாயான ஒரு பெண்ணின் காரை நியூ ஜெர்சியின் அட்லாண்டிக் கவுண்டியில் காவலர் ஒருவர் வழக்கமான போக்குவரத்துச் சோதனைக்காக நிறுத்தினார். தம்மிடம் கைத்துப்பாக்கி இருப்பதையும், அதை மறைத்து எடுத்துச் செல்லப் பென்சில்வேனியா தமக்குப் பர்மிட் கொடுத்திருப்பதையும் அந்தப் பெண் தாமாகவே அவரிடம் தெரிவித்தார். நல்லெண்ணத்தோடு சொன்ன அந்தச் சொற்களே அவரைக் கைது செய்யப் போதுமானவையாக இருந்தன, ஏனெனில் பென்சில்வேனியாவின் பர்மிட்டுக்கு நியூ ஜெர்சியில் எந்த மதிப்பும் கிடையாது. குற்றம் உறுதியானால் குறைந்தது மூன்றரை ஆண்டுச் சிறை என்ற நிலையில் வழக்கு நடந்தது. மறு ஆண்டு மாநிலத் தலைமை வழக்கறிஞர் வெளிமாநிலத்தவர் வழக்குகள் குறித்து விளக்கம் வெளியிட்ட பிறகு சிறைத் தண்டனைக்கு மாற்றான திட்டத்தில் அவர் சேர்க்கப்பட்டார். 2015 ஏப்ரலில் அப்போதைய ஆளுநர் கிறிஸ் கிறிஸ்டி மன்னிப்பு வழங்கினார். ஒரு பாலத்தைக் கடந்ததற்கு ஒன்றரை ஆண்டு அலைச்சல்.

அவர் செய்தது அரிய தவறன்று. பர்மிட் வைத்திருக்கிற பலர் மனத்தில் ஓட்டுநர் உரிமத்தின் நினைவு இருக்கிறது. டெக்சஸில் வாங்கிய ஓட்டுநர் உரிமத்தோடு மெய்ன் வரை வண்டி ஓட்டலாம். அப்படியானால் இதுவும் அரசு தந்த அட்டைதானே என்று தோன்றுவது இயல்பு. ஆனால் துப்பாக்கிப் பர்மிட் என்பது ஒரு மாநிலம் தன் எல்லைக்குள் தருகிற அனுமதி. அதைப் பக்கத்து மாநிலம் ஏற்பதும் ஏற்காததும் அந்த மாநிலத்தின் விருப்பம். கலிஃபோர்னியா, நியூ யார்க், நியூ ஜெர்சி, மேரிலாந்து, மாசசூசெட்ஸ், கனெக்டிகட், ஹவாய், ஓரிகன் போன்றவை வேறெந்த மாநிலத்தின் பர்மிட்டையும் ஏற்பதில்லை. இல்லினாய் மாநிலமும் ஏற்பதில்லை என்றாலும், சொந்த மாநிலத்தில் பர்மிட் பெற்ற வெளியூர்க்காரர் துப்பாக்கியைத் தம் காருக்குள் வைத்திருக்க மட்டும் இடம் தருகிறது. நியூ யார்க் இன்னும் ஒரு படி மேலே: அந்த மாநிலத்தின் மற்றக் கவுண்டிகளில் வழங்கிய உரிமமே நியூ யார்க் நகருக்குள் தனி ஒப்புதல் இல்லாமல் செல்லாது.

2022 ஜூனில் அமெரிக்க உச்ச நீதிமன்றம் ப்ரூயன் வழக்கில் தீர்ப்பளித்தபோது இந்தக் குழப்பம் கூடியதே தவிரக் குறையவில்லை. வீட்டுக்கு வெளியே தற்காப்புக்காகக் கைத்துப்பாக்கி எடுத்துச் செல்வது அரசியல் சட்ட உரிமை என்று நீதிமன்றம் சொன்னது; சிறப்புக் காரணம் காட்டினால்தான் உரிமம் என்ற நியூ யார்க்கின் விதியைத் தள்ளியது. ஆனால் உரிமம் கேட்பதே தவறு என்றோ, ஒரு மாநிலத்தின் உரிமத்தை மற்றது ஏற்றே ஆக வேண்டும் என்றோ அது சொல்லவில்லை. 2025 மார்ச்சில் மாசசூசெட்ஸ் மாநில உச்ச நீதிமன்றம், நியூ ஹாம்ப்ஷயரிலிருந்து துப்பாக்கியோடு வந்த ஒருவர் வழக்கில், வெளிமாநிலத்தவரும் மாசசூசெட்ஸின் உரிமத்தைப் பெற வேண்டும் என்ற விதி செல்லும் என்றே கூறியது. எல்லா மாநிலங்களும் ஒன்றன் பர்மிட்டை மற்றொன்று ஏற்கச் செய்யும் மசோதா 2017 டிசம்பரில் கீழவையில் நிறைவேறி, செனட்டில் நின்றுபோயிற்று. 2025இல் அது மீண்டும் கொண்டுவரப்பட்டது. மசோதா வந்த செய்தியைப் படித்துவிட்டுச் சட்டமே வந்துவிட்டதாக நம்புகிறவர்கள் இருக்கிறார்கள். பணியில் இருக்கும் அல்லது ஓய்வு பெற்ற காவலர்கள், தகுதி நிபந்தனைகளோடு, நாடெங்கும் துப்பாக்கி வைத்திருக்க 2004ஆம் ஆண்டின் ஒன்றியச் சட்டம் ஒன்று வழி செய்கிறது. அந்தச் சலுகை நண்பருக்கு இருப்பதைப் பார்த்துத் தமக்கும் இருப்பதாக எண்ணுவது இன்னொரு வகைத் தவறு.

சரி, போகிற மாநிலம் நம் பர்மிட்டை ஏற்கிறது என்று பட்டியலில் பார்த்தாயிற்று. அதோடு வேலை முடிந்துவிடுவதில்லை. கொலராடோ, மிச்சிகன் போன்ற மாநிலங்கள், பர்மிட் கொடுத்த மாநிலத்திலேயே அதை வைத்திருப்பவர் குடியிருந்தால்தான் ஏற்கின்றன. யூட்டா, அரிசோனா போன்றவை வெளிமாநிலத்தவருக்கும் பர்மிட் வழங்குவதால், கலிஃபோர்னியாவில் குடியிருந்துகொண்டு யூட்டா பர்மிட் வைத்திருப்போர் பலர் உண்டு. அதைக் காட்டிக் கொலராடோவுக்குள் நுழைய முடியாது. அதே யூட்டா அட்டை, யூட்டாவில் வாழ்கிறவர் கையில் இருந்தால் செல்லும். வேலை மாற்றிக்கொண்டு வேறு மாநிலத்துக்குக் குடிபெயர்ந்தவர்கள் இந்த வேறுபாட்டில் சிக்குவது சாதாரணம், ஏனெனில் அட்டையில் காலாவதித் தேதி இன்னும் வந்திராது. வயது வரம்பும் இடத்துக்கு இடம் மாறும். பதினெட்டில் பர்மிட் கொடுக்கும் மாநிலமும் உண்டு, இருபத்தொன்று ஆகாதவரின் பர்மிட்டை ஏற்காத மாநிலமும் உண்டு.

பட்டியலும் நிலையானதன்று. 2015 டிசம்பரில் வர்ஜீனியாவின் தலைமை வழக்கறிஞர், இருபத்தைந்து மாநிலங்களின் பர்மிட்டுகளை இனி ஏற்கப்போவதில்லை என்று அறிவித்தார். அடுத்த மாதமே ஆளுநரும் சட்டமன்றமும் உடன்பாட்டுக்கு வந்து அந்த அறிவிப்பைத் தலைகீழாக்கினர். சில வாரங்களுக்குள் இரண்டு திருப்பங்கள். போன கோடையில் சேமித்து வைத்த வண்ண வரைபடத்தை நம்பி இந்தக் கோடையில் புறப்படுவது எவ்வளவு ஆபத்தானது என்பதற்கு இதைவிட நல்ல சான்று எனக்குத் தெரியவில்லை. பயணத்துக்கு முந்தைய வாரத்தில், போகிற வழியிலுள்ள ஒவ்வொரு மாநிலத்தின் காவல் துறை அல்லது தலைமை வழக்கறிஞர் அலுவலகத்தின் பக்கத்தைப் பார்ப்பதே முறை. தனியார் செயலிகள் வசதியானவை; நீதிமன்றத்தில் அவை எதற்கும் உதவா.

பர்மிட்டே தேவையில்லாத மாநிலங்கள் பெருகியிருப்பதும் புதிய தவறு ஒன்றுக்கு வழி வகுத்திருக்கிறது. டெக்சஸ் 2021இலும், ஜார்ஜியாவும் ஒஹாயோவும் 2022இலும், ஃப்ளோரிடா 2023இலும் அந்த வரிசையில் சேர்ந்தன. 2024இல் தென் கரோலைனாவும் லூயிசியானாவும் சேர்ந்தபோது எண்ணிக்கை 29 ஆயிற்று. எனவே, பர்மிட் வாங்குவது வீண் செலவு என்று பழைய அட்டையைப் புதுப்பிக்காமல் விட்டவர்கள் உண்டு. தம் மாநிலத்தில் அவர்களுக்கு ஒரு குறையும் இல்லை. ஆனால் பர்மிட் கேட்கும் பக்கத்து மாநிலத்தில் காட்ட அவர்களிடம் எதுவும் இல்லை. வெர்மான்ட் இதற்குப் பழைய எடுத்துக்காட்டு. அங்கே என்றுமே பர்மிட் கேட்டதில்லை, கொடுத்ததும் இல்லை. அதனால் துப்பாக்கிச் சுதந்திரம் மிகுந்த அந்த மாநிலத்தவர், வெளியே போக வேண்டுமானால் வேறொரு மாநிலத்திடம் விண்ணப்பிக்க வேண்டியிருக்கிறது.

செல்லும் என்பது வேறு, எப்படிச் செல்லும் என்பது வேறு

நம் பர்மிட்டை ஒரு மாநிலம் ஏற்கிறது என்றால், அந்த மாநிலத்தின் விதிகளுக்கு உட்பட்டே ஏற்கிறது என்று பொருள். டெக்சஸில் ஒரு கடையின் வாசலில், ஆங்கிலத்திலும் ஸ்பானிய மொழியிலும், ஓர் அங்குல உயர எழுத்துகளில் ‘30.06’ என்ற பிரிவெண்ணோடு அறிவிப்பு ஒட்டியிருந்தால், பர்மிட் உள்ளவரும் மறைத்த துப்பாக்கியோடு உள்ளே போகக் கூடாது. வெளியூர்க்காரர் அதை ஏதோ கட்டட விதி என்று கடந்துவிடுவார். மதுக்கூடங்களின் வாசலில் சிவப்பாக ‘51%’ என்று இருந்தால் அதற்கும் இதே பொருள்தான்: அந்த இடத்தின் வருமானத்தில் பாதிக்கு மேல் அங்கேயே அருந்தும் மதுவிலிருந்து வருகிறது. மிச்சிகனில் காவலர் நிறுத்திய உடனே, அவர் கேட்காவிட்டாலும், துப்பாக்கி இருப்பதைச் சொல்லியாக வேண்டும். பென்சில்வேனியாவில் அப்படியொரு கட்டாயம் இல்லை.

துப்பாக்கியைப் பற்றி யோசிப்பவர்கள் அதற்குள் இருப்பதை மறந்துவிடுகிறார்கள். பதினைந்து அல்லது பதினேழு தோட்டா கொள்ளும் மேகசின் பல மாநிலங்களில் கடையில் துப்பாக்கியோடு சேர்ந்தே வருவது. நியூ ஜெர்சியிலும் நியூ யார்க்கிலும் பத்துக்கு மேல் கொள்ளும் மேகசினை வைத்திருப்பதே குற்றம். முனை குழிந்த ஹாலோ பாயிண்ட் தோட்டாவைத் தற்காப்புக்கு உகந்ததென்று நாடெங்கும் பரிந்துரைப்பார்கள். நியூ ஜெர்சியில் அதை வீட்டிலும் சுடுதளத்திலும் வைத்திருக்கலாமே தவிர, பொதுவாக வெளியே கொண்டு திரிய முடியாது.

பாதுகாப்பான கடப்பு என்னும் மெல்லிய குடை

ஏற்காத மாநிலத்தின் வழியாகத்தான் போக வேண்டும் என்றால் என்ன செய்வது? 1986ஆம் ஆண்டின் துப்பாக்கி உரிமையாளர் பாதுகாப்புச் சட்டத்தைத்தான் எல்லோரும் சுட்டுவார்கள். புறப்படும் இடத்திலும் சேரும் இடத்திலும் துப்பாக்கியைச் சட்டப்படி வைத்திருக்கவும் எடுத்துச் செல்லவும் உரிமை உள்ளவர், இடையிலுள்ள மாநிலங்களைக் கடந்து அதைக் கொண்டுபோகலாம் என்கிறது அச்சட்டம். துப்பாக்கியில் தோட்டா இருக்கக் கூடாது. துப்பாக்கியும் தோட்டாக்களும் பயணிகள் அமரும் பகுதியிலிருந்து எளிதில் கைக்கு எட்டக் கூடாது. தனி டிக்கி இல்லாத வண்டியென்றால் பூட்டிய பெட்டிக்குள் இருக்க வேண்டும், அந்தப் பெட்டி டேஷ்போர்டு அறையாகவோ இருக்கைகளுக்கு நடுவிலுள்ள பெட்டியாகவோ இருக்கக் கூடாது. எஸ்யூவி, மினிவேன் வைத்திருப்பவர்கள் தவறுவது இந்தக் கடைசி நிபந்தனையில்தான். மேகசினைப் பற்றி அச்சட்டம் ஒரு சொல்லும் சொல்லவில்லை என்பதையும் கவனிக்க வேண்டும்.

பலர் மறப்பது, இது கடந்து போவதற்கான பாதுகாப்பு, தங்குவதற்கானதன்று என்பதை. வர்ஜீனியாவிலிருந்து நியூ ஹாம்ப்ஷயருக்கு 95ஆம் நெடுஞ்சாலையில் போகிறவர் பெட்ரோல் போட நிற்பது ஒன்று. மன்ஹாட்டனில் உறவினர் வீட்டில் இரவு தங்கி மறுநாள் ஊர் சுற்றிப் பார்ப்பது வேறொன்று. தங்கல் தம் விருப்பத்தால் நேர்ந்ததில்லை என்றாலும் சட்டம் இரங்குவதில்லை என்பதை 2005இல் யூட்டாவைச் சேர்ந்த ஒரு பயணி கண்டார். பென்சில்வேனியாவின் ஆலன்டவுனுக்குப் போகப் புறப்பட்ட அவர், நியூ ஜெர்சியின் நியூவர்க் விமான நிலையத்தில் இணைப்பைத் தவறவிட்டு, விதிப்படி பூட்டி ஒப்படைத்திருந்த பெட்டியைப் பெற்றுக்கொண்டு ஓட்டலில் இரவைக் கழித்தார். மறுநாள் காலை விமான நிலையத்துக்குத் திரும்பி, பெட்டியில் துப்பாக்கி இருப்பதை முறைப்படி அறிவித்தார். கைது செய்யப்பட்டுச் சில நாள்கள் சிறையில் இருந்தார். குற்றச்சாட்டுகள் பின்னர் கைவிடப்பட்டாலும், இழப்பீடு கேட்டு அவர் தொடுத்த வழக்கை 2010இல் மூன்றாம் வட்டார மேல்முறையீட்டு நீதிமன்றம் ஏற்கவில்லை. ஓட்டல் அறையில் அந்தப் பெட்டி அவர் கைக்கு எட்டும் இடத்தில் இருந்தது, ஆகவே சட்டத்தின் நிபந்தனை முறிந்தது என்பது நீதிமன்றத்தின் வாதம். இப்படி நடுவழியில் மாட்டிக்கொள்கிறவர், பெட்டியைக் கையில் வாங்குவதற்கு முன்பே விமான நிலையக் காவலரிடம் நிலைமையைச் சொல்லலாம் என்றும் அது குறிப்பிட்டது. தீர்ப்பு கடுமையானது என்பது என் எண்ணம். ஆனால் பயணம் செய்கிறவருக்கு என் எண்ணத்தால் பயன் இல்லை. விமானம் திருப்பிவிடப்பட்டு இத்தகைய மாநிலத்தில் இறங்கினால், பெட்டியைத் தொடாமல் இருப்பதே நல்லது.

விமானத்தைப் பொறுத்தவரை பர்மிட் உள்ளவர், இல்லாதவர் என்ற வேறுபாடே கிடையாது. தோட்டா நீக்கி, கடினமான பெட்டியில் பூட்டி, கவுண்டரில் சொல்லி, ஒப்படைக்கும் சாமானாகவே கொண்டுபோக வேண்டும். 2023இல் மட்டும் பாதுகாப்புச் சோதனை வாயில்களில் 6,737 துப்பாக்கிகள் பிடிபட்டன. ‘பையில் இருந்ததை மறந்துவிட்டேன்’ என்பதே அங்கே வழக்கமாகக் கேட்கும் விளக்கம்.

மாநிலச் சட்டத்துக்கு மேல் ஒன்றியச் சட்டமும் சில இடங்களில் குறுக்கிடும். பள்ளியிலிருந்து ஆயிரம் அடிக்குள் துப்பாக்கி வைத்திருக்கக் கூடாது என்ற சட்டம், அந்தப் பள்ளி இருக்கும் மாநிலமே உரிமம் கொடுத்தவருக்கு விலக்கு அளிக்கிறது. வெளிமாநில பர்மிட்டை அந்த மாநிலம் ஏற்றாலும் அது ‘கொடுத்தது’ ஆகாது என்பது ஒன்றியத் துப்பாக்கித் துறையின் விளக்கம். ஊருக்குள் போகும் எந்தச் சாலையும் ஒரு பள்ளியை ஒட்டித்தான் போகும் என்பதால் இது சிறிய செய்தி அன்று. தேசியப் பூங்காக்களில் 2010 பிப்ரவரி முதல் அந்தந்த மாநிலச் சட்டமே பொருந்தும். யெல்லோஸ்டோன் பூங்கா வயோமிங், மொன்டானா, ஐடஹோ ஆகிய மூன்றிலும் பரந்திருப்பதால் காலையில் ஒரு சட்டம், மாலையில் ஒரு சட்டம். பார்வையாளர் மையக் கட்டடத்துக்குள் மட்டும் மூன்றிலும் துப்பாக்கிக்கு இடமில்லை. வாஷிங்டன் மாநிலத்திலிருந்து அலாஸ்காவுக்குக் காரில் போகிறவர் கனடாவைக் கடக்க வேண்டும். இரண்டு முனைகளும் அமெரிக்காவாக இருப்பதால் 1986 சட்டம் துணை வரும் என்று நினைத்துக் கைத்துப்பாக்கியோடு எல்லைச் சாவடிக்குப் போனால், அங்கே நிற்பவர் கனடிய அதிகாரி.

நம்மவர்களில் பலருக்கு இன்னொரு கணக்கும் இருக்கிறது. எச்-1பி, எல்-1, எஃப்-1 போன்ற தற்காலிக விசாவில் இருப்பவர் துப்பாக்கி வைத்திருப்பதையே ஒன்றியச் சட்டம் தடுக்கிறது. செல்லுபடியாகும் வேட்டை உரிமம் போன்ற சில விலக்குகள் மட்டுமே உண்டு. பர்மிட் தேவையில்லாத மாநிலத்தில் வசிப்பது இந்தத் தடையை நீக்காது. கிரீன் கார்டு உள்ளவர் துப்பாக்கி வாங்கலாம், வைத்திருக்கலாம். ஆனால் எந்தச் சட்டத்தையாவது மீறித் துப்பாக்கி வைத்திருந்ததாகவோ எடுத்துச் சென்றதாகவோ தண்டிக்கப்பட்டால், குடியுரிமை பெறாதவரை நாடு கடத்த அது ஒன்றே காரணமாகும் என்கிறது குடிவரவுச் சட்டம். ஆகவே எல்லை தாண்டிய துப்பாக்கி வழக்கில் சிக்கிய கிரீன் கார்டுக்காரர், அபராதத்தோடு முடித்துக்கொள்ளலாம் என்று அரசுத் தரப்பு சமரசம் பேசினால், குற்றத்தை ஒப்புக்கொண்டு கையெழுத்திடுவதற்கு முன் குற்றவியல் வழக்கறிஞரோடு குடிவரவு வழக்கறிஞர் ஒருவரையும் கலந்துகொள்ள வேண்டும்.