டீப்பாய் தாழ்வா இருக்கா? தூக்கிப் போடாதீங்க, உயர்த்திக்கலாம்

சோபா முன்னாடி போடுற டீப்பாய் பெரும்பாலும் 16லருந்து 18 இன்ச் உயரம்தான், பேப்பர் வைக்க அது போதும், ஆனா லேப்டாப் வச்சு வேலை பாத்தா குனிஞ்சு குனிஞ்சு கழுத்தும் முதுகும் போயிடும். புதுசு வாங்குறதுக்கு முன்னாடி ஒரு தடவை கவுத்துப் போட்டு கால் எப்படி மாட்டியிருக்குன்னு பாருங்க. கையால திருகினா கழண்டு வருதா, பாதி வேலை முடிஞ்சுது, அதே திருகு சைஸ்ல உயரமான கால் வாங்கி மாட்டிடலாம், நிறைய கால்ல எம்8 போல்ட்தான் (8 மில்லிமீட்டர் தடிமன்) இருக்கும், ஆனாலும் பழைய காலை கையோட கடைக்கு எடுத்துட்டுப் போய் ஒப்பிட்டுப் பாத்துடுங்க.

கால் கழட்டவே முடியாதுன்னா ஃபர்னிச்சர் ரைசர்னு கப் மாதிரி கெடைக்குது, கால் அடியில வச்சா 3 இன்ச்சோ 5 இன்ச்சோ ஏறிடும். காலோட அடிப்பக்கத்தை அளந்து வாங்குங்க, லூசா இருந்தா ஆடும்.

செங்கல், மரக்கட்டையெல்லாம் சும்மா அடுக்கி வைக்காதீங்க ப்ளீஸ், ஒரு தள்ளு தள்ளினா கால் வழுக்கிடும், குழந்தைங்க பிடிச்சு எந்திரிக்கிற வீட்ல வேண்டவே வேண்டாம்.

எவ்ளோ ஏத்தணும்னா, சோபால நிமிந்து உக்காந்து முழங்கைய மடக்கி அங்கருந்து தரை வரைக்கும் டேப் வச்சு அளங்க, அதுக்கு ஒரு இன்ச் கீழ மேல்பலகை வந்தா டைப் பண்ண சுகமா இருக்கும்.