வராததால் தள்ளுபடியான உரிமையியல் மேல்முறையீட்டை மீட்பது எப்படி?

மேல்முறையீடு விசாரணைக்கு அழைக்கப்படும்போது மேல்முறையீட்டாளரும் அவருடைய வழக்கறிஞரும் வராவிட்டால், இந்திய உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 41, விதி 17இன்படி நீதிமன்றம் அதைத் தள்ளுபடி செய்யலாம். விரும்பினால் வாய்தாவும் கொடுக்கலாம். தள்ளுபடி ஆகிவிட்டால், கீழ்நீதிமன்றத் தீர்ப்பு அப்படியே நிற்பதோடு, அந்த மேல்முறையீட்டில் பெற்றிருந்த இடைக்காலத் தடையும் போய்விடும் என்பதால், எதிர்த்தரப்பு அந்தத் தீர்ப்பைச் செயல்படுத்தக் கோரும் நிறைவேற்று மனுவை நகர்த்துவதற்குள் நீங்கள் செயல்பட வேண்டும்.

முதலில் உத்தரவின் சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பித்து, கிடைத்தவுடன் வரிக்கு வரி படியுங்கள். மேல்முறையீட்டாளர் வராத நிலையில் வழக்கின் தகுதியை, அதாவது அதன் நியாய அநியாயங்களை, ஆராய்ந்து தள்ளுபடி செய்ய நீதிமன்றத்துக்கு அதிகாரமில்லை என்று 1976ஆம் ஆண்டுத் திருத்தம் விதி 17இல் ஒரு விளக்கத்தைச் சேர்த்துள்ளது. தகுதியின் மீதே தீர்ப்பு எழுதப்பட்டிருந்தால், உயர் நீதிமன்றத்தில் செய்யும் இரண்டாம் மேல்முறையீட்டில் அதையே முக்கியமான சட்டக் கேள்வியாக எழுப்பலாம்.

வராமை மட்டுமே காரணம் என்றால், அதே நீதிமன்றத்தில் விதி 19இன் கீழ் மீண்டும் கோப்பில் எடுக்கக் கோரும் மனுவைத் தாக்கல் செய்ய வேண்டும். காலவரையறைச் சட்டத்தின் 122ஆவது உறுப்பு இதற்கு 30 நாள் தருகிறது. அந்தக் கணக்கு உங்களுக்குத் தகவல் தெரிந்த நாளிலிருந்து அல்ல, தள்ளுபடியான நாளிலிருந்தே ஓடும். கெடு தாண்டிவிட்டால், அதே சட்டத்தின் 5ஆவது பிரிவின் கீழ் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவையும் சேர்த்தே போடுங்கள்.

மனுவின் உயிர் பிரமாணப் பத்திரத்தில்தான் இருக்கிறது. 'உடல்நிலை சரியில்லை' என்ற ஒற்றை வரி போதாது. எந்த நாளில், எங்கே சிகிச்சை பெற்றீர்கள், யார் மூலம் எப்போது தள்ளுபடியை அறிந்தீர்கள், அதன்பின் ஒவ்வொரு நாளும் எப்படிக் கழிந்தது என்று எழுதி, மருத்துவமனைச் சீட்டு போன்ற ஆவணங்களை இணைக்க வேண்டும். தவறு வழக்கறிஞருடையது என்றால், அவரிடமிருந்தே ஒரு பிரமாணப் பத்திரம் கேட்டு வாங்குவது நல்லது. வழக்கறிஞரின் தவறுக்காகக் குற்றமற்ற கட்சிக்காரர் துன்பப்படக் கூடாது என்று ரபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1981இல் கூறியிருக்கிறது. எனினும், நீண்ட காலம் வழக்கைத் திரும்பியும் பார்க்காதவருக்கு அந்தத் தீர்ப்பு கைகொடுக்கும் என்று நம்பியிருக்க வேண்டாம். காரணம் போதுமானது என்று கண்டால், செலவுத்தொகை கட்டச் சொல்லி நீதிமன்றம் மனுவை அனுமதிக்கலாம்.

மனு தள்ளுபடியானால், கட்டளை 43, விதி 1(t) உட்பிரிவின் கீழ் அந்த உத்தரவை எதிர்த்து மேல்முறையீடு செய்யலாம். இந்த இடத்தில் இரண்டாம் மேல்முறையீட்டுக்கு வழியில்லை. ஏனெனில் இரண்டாம் மேல்முறையீடு தீர்ப்பாணையை (டிகிரியை) எதிர்த்தே செய்யப்படுவது; வராமைக்கான தள்ளுபடி உத்தரவு, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 2(2) பிரிவின்படி தீர்ப்பாணை ஆகாது.

எதிர்மேல்முறையீட்டாளர், அதாவது மேல்முறையீட்டின் எதிர்த்தரப்பு, வராவிட்டால் மேல்முறையீடு ஒருதலைப்பட்சமாக விசாரிக்கப்படும். அறிவிப்பு முறைப்படி தனக்குச் சேர்ப்பிக்கப்படவில்லை என்றோ, வர இயலாததற்குப் போதுமான காரணம் இருந்தது என்றோ காட்டி, அவர் விதி 21இன் கீழ் மறுவிசாரணை கோரலாம். அவருக்கும் 30 நாள்தான். ஆனால் அறிவிப்பு முறையாகச் சேராதிருந்தால், தீர்ப்பாணையை அறிந்த நாளிலிருந்து அது கணக்கிடப்படும்.