ரம்புத்தான் கட்டைப் புகையில் கரோலினா பன்றிக்கறி

என் தாத்தா தோட்டத்தில் ரப்பர் ஷீட்டுக்குப் புகை போடும் கூடத்தில் வேலை பார்த்தவர். தீ கொஞ்சம் ஓங்கினாலும் ஷீட்டில் கொப்புளம் விழும், கிரேடு இறங்கும், தோட்டத்துக் குமாஸ்தாவான கிராணி ஏசுவார், அதனால் ராத்திரியில் எழுந்து எழுந்து போய் அடுப்பைப் பார்த்துவிட்டு வருவாராம். அமெரிக்காவில் வட கரோலினாக்காரர்கள் பன்றிக்கறிக்குச் செய்வதும் கிட்டத்தட்ட இதே வேலைதான்.

அங்கே கிழக்குப் பக்கம் முழுப் பன்றியையே போட்டு, வினிகரும் மிளகாயும் கலந்த தண்ணியான சாறு ஊற்றுவார்கள். மேற்கே லெக்சிங்டன் பக்கம் தோள் கறி மட்டும்தான், சாற்றில் கொஞ்சம் கெச்சப்பும் சேரும். முழுப் பன்றிக்கு என்னிடம் இடமும் இல்லை, சாப்பிட அத்தனை ஆளும் இல்லை. அதனால் கறி லெக்சிங்டன் மாதிரி, சாறு கிழக்கு மாதிரி.

இங்கே மலேசியாவில், பேராக் மாநிலத்து சுங்கை சிப்புட் பசாரில் பன்றிக்கறிக் கடைக்குக் காலையிலேயே போய்விடுங்கள். முன்சப்பையின் மேல்பகுதி, எலும்போடு, ஒரே துண்டாக 3 கிலோ. கேட்டவுடனே கத்தியைத் தூக்கித் துண்டு போடத்தான் பார்ப்பார், அதற்குள் "தவுக்கே, ஜாங்ஙான் போத்தோங்" (முதலாளி, வெட்டாதீங்க) என்று மலாயில் சொல்லிவிட வேண்டும். கொழுப்பு கொடி கொடியாக ஓடுகிற துண்டு வேண்டும். வெறும் சிவப்பாக இருப்பது கடைசியில் நார் நாராகக் காய்ந்துபோகும். தோல் இருந்தால் எடுத்துவிடச் சொல்லுங்கள், அதைத் தாண்டி உப்பும் புகையும் உள்ளே போகாது.

முதல்நாள் ராத்திரி 45 கிராம் உப்பு, 2 கரண்டி சீவிய குலா மெலாக்கா (பனைவெல்லம் மாதிரியான தென்னை வெல்லம்), மிளகாய்த்தூள், இடித்த மிளகு எல்லாம் தேய்த்து ஐஸ்பெட்டியில் வைத்துவிடுங்கள். கறிமசாலாத் தூள் போடாதீர்கள், அப்புறம் அது பன்றி வறட்டலாகிவிடும். அதுவும் நல்லதுதான், ஆனால் அது வேறு கதை. சாற்றையும் அன்றைக்கே கலந்து வையுங்கள்: 500 மில்லி ஆப்பிள் வினிகர், 1 கரண்டி ஒன்றிரண்டாக இடித்த காய்ந்த மிளகாய், 2 தேக்கரண்டி உப்பு, 1 கரண்டி சீனி, மிளகு. காய்ச்ச வேண்டாம். ஒரு ராத்திரி ஊறினால் போதும்.

அடுப்புக்கு மூடி போட்ட பழைய எண்ணெய்த் தோங் (பீப்பாய்) போதும், சமையல் எண்ணெய் வந்த தோங்காகப் பாருங்கள். தோட்டத்தில் சும்மா கிடக்கிறதே என்று களைக்கொல்லி, உரமருந்து வந்த தோங்கை எடுக்காதீர்கள், எத்தனை தடவை கழுவினாலும் சரி. உள்பூச்சு கருகிப் போகும்வரை ஒருமுறை வெறுமனே நெருப்பு போட்டு எரித்துவிடுங்கள். கரி ஒரு பக்கம், கறி மறு பக்கம், கறிக்குக் கீழே ஒரு தட்டில் தண்ணீர். கரிக்கு கோலா செப்பேத்தாங் பக்கத்து பக்காவ் கரிதான் (அலையாத்தி மரக் கரி) நான் வாங்குவது, நின்று எரியும்.

கட்டை விஷயத்தில்தான் நான் சூடுபட்டேன். அங்கே ஹிக்கரி மரம், நமக்கு அது ஏது? பின்பக்கம் வெட்டிப்போட்ட ரம்புத்தான் கிளையை ஈரம் காயாமலே போட்டேன். வெள்ளை வெளேரென்று புகை கிளம்பியதும் ஆஹா என்று நின்று பார்த்துக்கொண்டிருந்தேன், கடைசியில் கறி கசாயம் மாதிரி கசந்தது. மாதக்கணக்கில் காய்ந்த கட்டையாக இருக்க வேண்டும், கைமுட்டி அளவு, ஒரு நேரத்தில் இரண்டே துண்டு. புகை கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாமல் இலேசான நீலத்தில் போனால் சரி. தண்ணீரில் ஊறவைப்பதால் பயனில்லை, முதலில் ஆவிதான் வரும். நாற்காலித் தொழிற்சாலையில் மிஞ்சும் ரப்பர் கட்டை வேண்டாம், பூச்சி அரிக்காமல் இருக்க அதற்கு மருந்து ஏற்றியிருப்பார்கள்.

விடிகாலை 5 மணிக்குத் தீ மூட்டிவிடுங்கள், இங்கே மத்தியான மழையை நம்ப முடியாது. தோங்குக்குள்ளே 110 முதல் 120 டிகிரி செல்சியஸ். மேல்துளை எப்போதும் திறந்தே இருக்கட்டும், சூட்டைக் கீழ்த்துளையில் கூட்டிக் குறையுங்கள். முக்கால் மணிக்கு ஒருதரம் தனியாகப் பற்றவைத்த கரியை ஒரு கை சேருங்கள். புகை பிடிப்பதெல்லாம் பெரும்பாலும் முதல் மூன்று நான்கு மணி நேரத்தில்தான், அதற்கப்புறம் வெறும் கரி போதும். காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது என்றும் பாருங்கள். எனக்குப் பக்கத்து வீடு மலாய்க் குடும்பம், அவர்கள் துணி காய்கிற பக்கம் இந்தப் புகை போனால் நன்றாகவா இருக்கும்?

கறிக்குள்ளே சூடு 70 டிகிரி பக்கம் வந்ததும் ஏறாமல் அப்படியே நிற்கும், சில சமயம் மூன்று மணி நேரம்கூட. தெர்மாமீட்டர் கெட்டுவிட்டதோ என்று நான் முதல்முறை இன்னொன்று கடன் வாங்கிக் குத்திப் பார்த்தேன். ஒன்றுமில்லை, மண்பானைத் தண்ணீர் குளிர்கிற அதே கணக்கு: கறியின் மேல் கசியும் ஈரம் ஆவியாகிப் போகும்போது சூட்டையும் எடுத்துக்கொண்டு போகிறது. கரியை அள்ளிக் கொட்டாதீர்கள். மேலே கருஞ்சிவப்பாகப் பொருக்கு கட்டியிருந்தால், வாட்டிய வாழையிலையில் சுற்றி, அதன் மேல் அலுமினியத் தாளும் சுற்றி மறுபடி உள்ளே வையுங்கள்.

93, 95 டிகிரி வந்ததும் எலும்பைப் பிடித்து ஆட்டுங்கள். கொழகொழவென்று கழன்று வெள்ளையாகக் கையோடு வந்தால் வெந்துவிட்டது. தசையைக் கட்டியிருந்த சவ்வெல்லாம் அந்தச் சூட்டில்தான் கரைந்து பசையாகும். 3 கிலோவுக்கு எனக்கு ஒன்பது பத்து மணி நேரம் பிடிக்கிறது. சுற்றிய தாளோடு பழைய துண்டில் பொதிந்து, மீன் வாங்கப் போகும்போது எடுத்துப் போகும் ஐஸ் தோங்கில் (ஐஸ் இல்லாமல்) ஒரு மணி நேரம் மூடி வையுங்கள். இதைச் செய்யாமல் உடனே பிய்த்தால் சாறெல்லாம் பலகையில் ஓடிவிடும்.

கையால் பிய்ப்பதுதான் வசதி. கருகின பொருக்கையும் உள்கறியையும் கலந்து, இலையில் தேங்கிய சாற்றை ஊற்றி, வினிகர் சாற்றைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தெளித்து ருசி பாருங்கள். பேக்கரியில் விற்கும் பெங்காலி ரொட்டிக்குள் முட்டைக்கோஸ் சீவலோடு வைத்தால் அங்கே சாப்பிடுவதற்கு ரொம்பப் பக்கத்தில் வரும். என் வீட்டில் பாதிப் பேர் சோற்றில் போட்டு ரசத்தோடுதான் சாப்பிட்டார்கள். மிஞ்சினதை இரண்டு மணி நேரத்துக்குள் ஐஸ்பெட்டியில் வைத்துவிடுங்கள், மறுநாள் வெங்காயம் கறிவேப்பிலை தாளித்து வாணலியில் ஓரம் முறுகும்வரை வதக்கலாம்.