சுவைக்கு நிறமும் ஓசையும் உள்ள ஒரு தோட்டத்தைக் கதையில் எழுதுவது எப்படி?

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் சனிக்கிழமை மாலைகளில் பிள்ளைகளுக்குக் கதை எழுதச் சொல்லித் தருகிறேன். போன மாதம் ஒரு மாணவி கேட்டாள்: "டீச்சர், சாப்பிட்டால் நிறம் தெரிகிற, சத்தம் கேட்கிற ஒரு தோட்டத்தை எழுதலாமா?" தாராளமாக எழுதலாம். ஆனால் தேநீர் மஞ்சளாகப் பாடியது, மிளகாய் சிவப்பாகக் கத்தியது என்று பக்கம் நிறைந்துவிடும். தோட்டம் மட்டும் வராது. அது வருவதற்கு நாங்கள் வகுப்பில் செய்துபார்த்ததைச் சொல்கிறேன்.

வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்: சோம்பு மிட்டாய், ஒரு கீற்று புளிமாங்காய், பாகற்காய்த் துண்டு, உப்பு, பால் ஊற்றாத கெட்டித் தேநீர், நோட்டுப் புத்தகம்.

முதல் படி: வாயில் போட்டுப் பாருங்கள்

மூக்கை இறுகப் பிடித்துக்கொண்டு சோம்பு மிட்டாயை மெல்லுங்கள். இனிப்பு மட்டும்தான் தெரியும். கையை எடுத்ததும் சோம்பு வந்துவிடும். நாம் ருசி என்று சொல்வதில் பெரும்பங்கு தொண்டை வழியாக மூக்குக்கு ஏறும் மணம். அப்படியென்றால் உங்கள் தோட்டத்தில் சளி பிடித்தவருக்கு முக்கால்வாசி நிறங்கள் அணைந்துவிடும். இதை எழுதி வையுங்கள், கதையில் உதவும்.

நம் அறுசுவையில் காரமும் துவர்ப்பும் உண்டு. அறிவியல் இந்த இரண்டையும் சுவைகளோடு சேர்க்காமல் தனியாக வைக்கிறது. மிளகாயின் காரம், சூட்டை உணரும் நரம்பு வழியாகவே ஏறுகிறது. அந்த நரம்பில் உள்ள உணர்வியை 1997-இல் அமெரிக்க விஞ்ஞானி டேவிட் ஜூலியஸின் குழு அடையாளம் கண்டது, 2021-இல் அவருக்கு நோபல் பரிசில் பங்கு கிடைத்தது. துவர்ப்பு, தேநீரில் உள்ள டானின் என்ற பொருள் எச்சிலில் உள்ள புரதத்தோடு ஒட்டிக்கொள்வதால் வாய் வறண்டு சொரசொரக்கும் உணர்வு. அதனால் நான் இந்த இரண்டுக்கும் நிறம் கொடுப்பதில்லை. காரம் பட்டால் அங்கே இருக்கிற நிறம் நடுங்கும். துவர்ப்பு பட்டால் நிறத்தில் மணல் விழும்.

இரண்டாம் படி: ஓசையைப் பொருத்துங்கள்

ஆக்ஸ்ஃபோர்டில் உளவியலாளர் சார்ல்ஸ் ஸ்பென்ஸ் குழுவினர் செய்த சோதனைகளில், மக்கள் இனிப்பையும் புளிப்பையும் உயர்ந்த சுரத்தோடும் கசப்பைத் தாழ்ந்த சுரத்தோடும் பொருத்துவது தெரிந்தது. நம் ஊரிலேயே ஓசைகள் இருக்கின்றன: புளிமாங்காய்க்கு ஜால்ரா, பாகற்காய்க்குத் தைப்பூசத்து உறுமி. இப்போது பாகற்காயில் உப்பைத் தொட்டுத் தின்னுங்கள். உப்பு கசப்பை அடக்கும். உறுமி இரண்டு வீடு தள்ளிப் போனதாக எழுதலாம். ஜில்லென்று இருக்கும்போது இனிப்பு குறைவாகத்தான் தெரியும் என்பதால், ச்செண்டோல் என்ற குளிர் இனிப்பில் ஐஸ் கரையக் கரையப் பாட்டின் சத்தம் கூட வேண்டும்.

மூன்றாம் படி: யாருக்குக் கேட்கும்?

கதை இங்கேதான் பிறக்கிறது, அவசரப்படாதீர்கள். என் விதி இது: நிறம், தின்கிறவர் கண்ணுக்கு மட்டும் தெரியும், ஓசை பக்கத்தில் இருப்பவருக்கும் கேட்கும். இந்த விதியைக் கொண்டுபோய்ப் பழைய லயத்து வீட்டில், அதாவது தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீட்டில் வையுங்கள். நடுவில் ஒரு பலகைச் சுவர்தான். அடுத்த வீட்டில் இன்று என்ன சாப்பாடு என்று எல்லோருக்கும் தெரிந்துவிடும். சம்பளத்துக்கு நான்கு நாள் முன்பு அந்தப் பக்கம் உப்பின் ஒற்றை ஓசை மட்டும் வருகிறது. இந்தப் பக்கம் அம்மா மீன் குழம்பு வைத்திருக்கிறாள். பிள்ளைகளை மெல்ல விடாமல் நிறுத்துகிறாள். கிண்ணத்தைத் தேடுகிறாள்.

நாக்கு மரத்துப்போன பாட்டி ஒருத்தியையும் அந்த வீட்டில் உட்கார வையுங்கள். அவள் தட்டு மட்டும் ஓசையில்லாமல் இருக்கும். அவள் பேரன் அதைக் கவனிக்கட்டும். அவன் என்ன செய்கிறான் என்பதை நான் சொல்லமாட்டேன்.

நான்காம் படி: 'போல'வை அடியுங்கள்

"தேநீர் தங்கம் போல மின்னியது" என்று எழுதினால், அந்தத் தோட்டத்துக்காரர் எழுதியது ஆகாது. வெளியூர்க்காரர் வேடிக்கை பார்த்து எழுதியது ஆகும். அங்கே பிறந்தவருக்கு அது வெறும் காலைத் தேநீர். என் மாணவி இரண்டாம் முறை இப்படி எழுதி வந்தாள் (பெரட்டு என்பது காலையில் தோட்ட வேலையாட்கள் கூடிப் பேர் கொடுப்பது):

"அப்பா பெரட்டுக்குக் கிளம்புமுன் தேநீரைக் குடித்தார். பழுப்பு வந்தது, அதில் மணல் விழுந்தது. சீனி போதவில்லை. சீனி டப்பாவை அம்மா குலுக்கிப் பார்த்தாள். சுவருக்கு அந்தப் பக்கம் அக்கா, 'எங்க வீட்ல இருக்குண்ணே' என்றாள்."

ஒரு 'போல' கூட இல்லை. தோட்டம் வந்துவிட்டது.

சரி, நோட்டைத் திறங்கள். ஒரு வீடு, ஒரு வேளை, ஒரே ஒரு பதார்த்தம், பத்து வரி. சுவருக்கு அந்தப் பக்கம் யார் குடியிருக்கிறார் என்பதை முதல் வரிக்கு முன்பே முடிவு செய்துகொள்ளுங்கள்.