ஃபுட்பால் டிவி வேலை: மைக் கைக்கு வரும் முன்பே சறுக்கும் இடங்கள்

அமெரிக்காவில் காலேஜ் ஃபுட்பால் என்றால் நம்ம ஊர் கால்பந்து இல்லை. முட்டை வடிவப் பந்து, ஹெல்மெட், தோள் கவசம், சனிக்கிழமை முழுக்க டிவி. அந்த ஒளிபரப்பில் வேலை தேடுபவர்களில் பலர், நன்றாகப் பேச வந்தால் போதும் என்று நினைத்துக் கிளம்புகிறார்கள். சறுக்கல் அங்கேயே ஆரம்பம்.

ஓர் அணியில் நூறு பேருக்கு மேல்கூட இருப்பார்கள். விதிப்படி ஒரே எண்ணை இரண்டு பேர் போடலாம். சேர்ந்தாற்போலக் களத்தில் நிற்கக் கூடாது, அவ்வளவுதான். பந்தோடு ஓடும் 5 வேறு, எதிரணியை மடக்க வரும் 5 வேறு. இதற்காகத்தான் ஸ்பாட்டிங் போர்டு. பெரிய அட்டையில், அவரவர் நிற்கும் இடத்துக்கு ஏற்பக் கட்டம் போட்டு எண், பெயர், சொந்த ஊர் எல்லாம் எழுதி வைப்பார்கள். வர்ணனையாளர் பக்கத்தில் ஸ்பாட்டர் உட்கார்ந்து, பிடித்தவர் யார், மடக்கியவர் யார் என்று வாயைத் திறக்காமல் கட்டத்தில் விரல் வைப்பார். வெள்ளி இரவுதான் இந்த அட்டையை எழுத உட்காருகிறீர்களா? மறுநாள் மாட்டிக்கொள்வீர்கள்.

அப்புறம் பெயர்கள். சமோவா, ஹவாய் வம்சாவளி ஆட்டக்காரர்கள் நிறையப் பேர் உண்டு. அலபாமா பல்கலைக்கழகத்துக்கு ஆடிய டகோவைலோவாவின் பெயரை ஓடுகிற ஆட்டத்தில் முதல்முறையாக வாசித்துப் பாருங்கள், தெரியும். அணியின் ஊடகத் தொடர்பாளரிடம் முன்பே கேட்டு, ஒலிக்கிறபடி எழுதிக்கொள்ளுங்கள். நம் பெயரை யாராவது கடித்துத் துப்பினால் நமக்கு எப்படி இருக்கும்?

தொழில்முறை ஃபுட்பால் லீக்கான என்எஃப்எல் பார்த்தே வளர்ந்தவர்கள் விதியில் தடுக்கி விழுவார்கள். கோட்டோரம் பந்தைப் பிடிப்பவருக்கு அங்கே இரண்டு காலும் உள்ளே பட வேண்டும். கல்லூரி ஆட்டத்தில் ஒன்று போதும். பந்து வைத்திருப்பவர் யாரும் தொடாமல் தானாக வழுக்கி முழங்கால் தரையில் பட்டாலே கல்லூரி ஆட்டத்தில் அந்த ஓட்டம் அங்கேயே முடிந்துவிடும்.

படித்த கல்லூரியை வர்ணனையில் ‘நாம’ என்பது, டச்டவுன் (எதிரணியின் கடைசிக் கோடு தாண்டிப் பந்தைச் சேர்த்துப் பாயின்ட் எடுப்பது) விழுந்ததும் அரங்கத்தின் சத்தத்துக்கு மேல் பேசிக் கெடுப்பது, இதெல்லாம் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

மைக் ஒன்றையே குறிவைப்பதும் தப்புதான். ஸ்பாட்டர், கேபிள் இழுப்பவர், ரீப்ளே இயக்குபவர் என்று உள்ளே நுழைய வழிகள் உண்டு. 1963 டிசம்பர் 7 அன்று ஆர்மி–நேவி (ராணுவ, கடற்படைக் கல்லூரி அணிகள்) ஆட்டத்தில், இப்போதுதான் நடந்ததை உடனே மறுபடி காட்டும் இன்ஸ்டன்ட் ரீப்ளேயைக் கொண்டுவந்த டோனி வெர்னா, ஒளிபரப்பு வண்டிக்குள் உட்கார்ந்திருந்த டைரக்டர். மைக் வைத்திருந்த லிண்ட்சி நெல்சனோ, ஆர்மி மறுபடி பாயின்ட் எடுக்கவில்லை, இது நேரலை இல்லை என்று ரசிகர்களுக்கு விளக்கிக்கொண்டிருந்தார்.