கிரிலென்கோ மாதிரி தடுக்கக் கற்றுக்கொடுப்பது எப்படி?

கூடைப்பந்தில் உயரமான பிள்ளை கிடைத்ததும் வளையத்தடியில் நிறுத்திவிடுவது பல அணிகளின் வழக்கம். ஆந்திரேய் கிரிலென்கோ அப்படி ஆடியவரல்ல. 2.06 மீட்டர் உயரமுள்ள அந்த ரஷ்யர், பந்து இல்லாத பக்கத்தில் தான் மறிக்க வேண்டிய எதிரணி ஆளைக் கவனித்தபடியே இருந்து, கடைசி நொடியில் பாய்ந்து வந்து பந்தைத் தட்டுவார். 2004-05 பருவத்தில் காயங்களால் 41 ஆட்டங்களே ஆடினார். ஆனாலும் ஆட்டத்துக்குச் சராசரி 3.3 பிளாக்குடன் (எதிராளி எறியும் பந்தைத் தட்டித் தடுப்பது) அமெரிக்கத் தொழில்முறை லீக்கான என்.பி.ஏ.விலேயே முதலிடம். 2007இல் ரஷ்யா ஐரோப்பிய சாம்பியனானபோது தொடரின் சிறந்த வீரரும் அவரே. 2015இல் ஓய்வு பெற்றார்.

டர்பனில், சாட்ஸ்வொர்த் பக்கமோ ஃபீனிக்ஸ் பக்கமோ பயிற்சி கொடுப்பவர்கள் முதலில் திடலைப் பாருங்கள். நெட்பால் கோடுகள் மட்டும் இருந்தால் சாக்பீஸால் 4.9 மீட்டர் அகலம், 5.8 மீட்டர் நீளத்துக்கு ஒரு கட்டம் போடுங்கள். வளையத்துக்கு நேராகக் கட்டத்தின் நடுவில் ஒரு கோடு இழுங்கள். பாடம் முழுக்க அந்தக் கோட்டில்தான் இருக்கிறது. நெட்பால் வளையமும் 3.05 மீட்டர் உயரம்தான். பலகை இல்லாவிட்டாலும் இந்தப் பயிற்சிக்குப் போதும்.

மூன்று பேரை நிறுத்துங்கள். பந்துக்காரர் வலது ஓரத்தில், அவருடைய கூட்டாளி இடது மூலையில், தடுப்பவர் நடுக்கோட்டில் ஒரு கால் வைத்து. தடுப்பவரின் ஒரு கை பந்தைக் காட்ட வேண்டும், மறு கை தன் ஆளை, அதாவது இடது மூலையில் நிற்பவரைக் காட்ட வேண்டும். தலையைத் திருப்பாமல் இருவரும் கண்ணில் பட்டால் நிற்குமிடம் சரி. தலை திரும்பினால் அரை அடி பின்வாங்கச் சொல்லுங்கள்.

பந்துக்காரர் கட்டத்துக்குள் கால் வைத்ததும் தடுப்பவர் இரண்டு எட்டு எடுத்து வருகிறார். ஆனால் குதிக்கக் கூடாது. பந்து கையைவிட்டுக் கிளம்பும்போதுதான் குதிக்க வேண்டும். முதல் வாரம் பந்துக்காரர் மூன்றில் ஒருமுறை பொய்யாக எறியட்டும். அதற்குக் குதிப்பவர் தன் தடவைகளை மறுபடி பூஜ்யத்திலிருந்து எண்ணத் தொடங்கட்டும்.

கை மேல்நோக்கி நேராக இருக்கட்டும். மேலிருந்து கீழே அடித்தால் மணிக்கட்டு எதிராளியின் முன்கையில் பட்டு ஃபவுல் ஆகிவிடும். பெரும்பாலான பிள்ளைகள் செய்யும் தவறு இதுதான். பந்தை வெளியே பறக்க அடிப்பதும் வேண்டாம். அது எதிரணிக்கே திரும்பிப் போகும். விரல்களால் மேலே தட்டிவிட்டால் தடுப்பவரின் அணிக்காரர் பிடித்துக்கொள்வார். 2.60 மீட்டர் வளையத்தில் ஆடும் சிறுவர்கள் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும்: வளையத்துக்கு மேலே இருந்து கீழிறங்கும் பந்தைத் தொட்டால் கூடை எதிரணிக்கே.

அடுத்து நான்காவது ஆளைச் சேருங்கள். தடுப்பவர் விட்டுவந்த மூலையாளை அவர்தான் மறிக்க வேண்டும். இவர் அசையாவிட்டால், தடுப்பவர் எவ்வளவு அருமையாக வந்தாலும், ஒரு பாஸில் எளிதான கூடை விழும். 'நான் வந்துட்டேன்' என்று தடுப்பவர் உரக்கக் கத்தினால் நான்காவது ஆள் தாமதிக்க மாட்டார்.

ஒருவருக்கு 8 தடவை, மூன்று சுற்று, இடையே 2 நிமிட ஓய்வு. சிமெண்ட் தரையில் இதற்கு மேல் குதிக்கவிடாதீர்கள். முழங்கால்தான் விலை கொடுக்கும். இரு காலிலும் மெத்தென இறங்கப் பழக்குங்கள். உலகக் கூடைப்பந்து அமைப்பான ஃபிபாவின் விதியில், யாரையும் மறிக்காமல் கட்டத்துக்குள் மூன்று விநாடிக்கு மேல் நிற்கக் கூடாது என்ற கட்டுப்பாடு தற்காப்பாளருக்குக் கிடையாது; அதனால் கட்டத்துக்குள்ளேயே காத்திருக்கலாம். என்.பி.ஏ.வில் கிரிலென்கோவுக்கு அந்தச் சலுகை இல்லை.